தனுஷ்: உலகம் பாதி கேட்ட குரல்

திருப்பரங்குன்றத்துச் சேவல்கட்டிலிருந்து ஹாலிவுட் சண்டைக்காட்சி வரை ஒரு நடிகர் போன தூரமும், போகாத தூரமும்

'ஆடுகளம்' படத்தின் முக்கியமான நான்கு பாத்திரங்களில் மூன்றுக்கு இரவல் குரல். பேட்டைக்காரனாக வரும் வ.ஐ.ச.ஜெயபாலன் ஈழத்துக் கவிஞர், நார்வேயில் குடியேறியவர். அவருக்காகப் பேசியவர் ராதாரவி. துரையாக வரும் கிஷோர் கர்நாடகக்காரர். அவருக்குக் குரல் சமுத்திரக்கனி. ஆங்கிலோ இந்தியப் பெண் ஐரீனாக வரும் டாப்ஸி டெல்லிக்காரர். அவருக்குக் குரல் ஆண்ட்ரியா. லுங்கியை மடித்துக் கட்டிக்கொண்டு சேவலும் கையுமாகத் திரியும் கறுப்பு மட்டும் சொந்தக் குரலில் பேசுகிறான். இத்தனைக்கும் அந்தக் குரலுக்கு உரியவர் மதுரையில் பிறந்தவர் இல்லை. 1983 ஜூலை 28 அன்று சென்னையில் பிறந்து, அங்கேயே வளர்ந்தவர்.

2011 பொங்கலுக்கு வந்த அந்தப் படம் 58ஆவது தேசிய விருதுகளில் ஆறு விருதுகளை அள்ளியது. சிறந்த நடிகர் விருது மலையாள நடிகர் சலீம் குமாருக்கும் தனுஷுக்கும் சேர்த்து அறிவிக்கப்பட்டபோது தனுஷுக்கு வயது 27. 2019இல் வந்த 'அசுரன்' நடிப்புக்காக அவருக்கு இரண்டாவது தேசிய விருதை வாங்கிக் கொடுத்தது. இந்தப் பதினைந்து ஆண்டுகளில் அவர் இந்திக்குப் போனார், பாரிஸுக்குப் போனார், லாஸ் ஏஞ்சல்ஸுக்கும் போனார். ரசிகர்கள் இதை ஒரே ஏறுமுகமாகப் பார்க்கிறார்கள். ஆனால் அந்தப் படங்களை வரிசையாக வைத்துப் பார்த்தால் வேறொன்று தெரிகிறது. வெளியூர் அவருடைய உடம்பைக் கேட்டது, சிரிப்பைக் கேட்டது, ஆட்டத்தைக் கேட்டது. அவரிடம் இருக்கும் பெரிய சொத்தான பேச்சை மட்டும் அது சரியாகக் கேட்கவில்லை.

தேனிக்காரர் பிள்ளை

தேனி தனி மாவட்டமாகப் பிரியும் முன் மதுரை மாவட்டத்தில்தான் இருந்தது. போடி, ஆண்டிபட்டிப் பக்கத்து ஆட்களுக்குச் சினிமா, கல்யாண ஜவுளி, பெரியாஸ்பத்திரி எல்லாமே மதுரைதான். அந்தப் பக்கத்திலிருந்து சென்னைக்குப் போய், இயக்குநர் விசுவிடம் உதவியாளராக இருந்து, பிறகு இயக்குநரானவர் கஸ்தூரிராஜா. 1991இல் அவர் எடுத்த 'என் ராசாவின் மனசிலே' ராஜ்கிரணை நிலைநிறுத்தியது. மீனாவுக்குப் பெயர் வாங்கிக் கொடுத்தது. மதுரையிலிருந்து வாய்ப்புத் தேடிப் போயிருந்த வடிவேலுவைத் தமிழ்நாடு திரும்பிப் பார்த்ததும் அந்தப் படத்தில்தான். தென் மாவட்டப் பேச்சைத் திரைக்குக் கொண்டுவந்த ஒருவரின் வீட்டில் வளர்ந்த பிள்ளைக்கு அந்தப் பேச்சு தனியாகக் கற்க வேண்டிய பாடமாக இருந்திருக்காது.

வெங்கடேஷ் பிரபு என்ற அந்தப் பிள்ளை 2002இல் 'துள்ளுவதோ இளமை'யில் தனுஷ் ஆனார். அப்பா இயக்கம், அண்ணன் செல்வராகவன் எழுத்து. அடுத்த ஆண்டு அண்ணனே இயக்கிய 'காதல் கொண்டேன்' வந்தது. அதே ஆண்டில் 'திருடா திருடி'யும் வந்து, 'மன்மத ராசா' பாட்டுக்குத் தமிழ்நாடே ஆடியது. ஒல்லி உடம்பையும் முகத்தையும் கேலி செய்தவர்கள் அப்போது நிறைய. அந்தக் காயத்தை அவரே பிற்பாடு பேட்டிகளில் சொல்லியிருக்கிறார். கதாநாயகன் என்றால் தோளும் நிறமும் வேண்டும் என்றிருந்த சந்தையில், இரண்டுமில்லாத ஒருவர் குரலையும் கண்ணையும் நம்பித்தான் நிற்க வேண்டியிருந்தது.

2005இல் பாலு மகேந்திராவின் 'அது ஒரு கனாக்காலம்'. பெரிதாக ஓடாத படம். ஆனால் அங்கே உதவி இயக்குநராக இருந்த வெற்றிமாறனை அது தனுஷுக்குக் கொடுத்தது. 2007 தீபாவளிக்கு இருவரும் சேர்ந்து 'பொல்லாதவன்' கொடுத்தார்கள். ஒரு பைக் திருட்டுப் போன கதை அது. அதன் வெற்றிக்குப் பிறகு அவர்கள் கிளம்பி வந்த ஊர் மதுரை.

கறுப்பின் மதுரை

தமிழ்ச் சினிமா மதுரையை அதற்கு முன்பே நிறையப் பார்த்திருந்தது. பெரும்பாலும் அருவாளும் மீசையும் உறுமலும்தான். 'பருத்திவீர'னும் 'சுப்ரமணியபுர'மும் அந்த வழக்கத்தை அசைத்துவிட்டிருந்தன. 'ஆடுகளம்' இன்னும் ஒரு படி உள்ளே போனது. சேவல்கட்டு என்ற விளையாட்டில் இருக்கும் குரு, சீடன், மானம், பந்தயம் ஆகிய எல்லாவற்றையும் ஒரு தெருவுக்குள் வைத்துப் பேசியது. வசனத்தில் வெற்றிமாறனுக்குத் துணை நின்றவர் பரமக்குடிக்காரரான விக்ரம் சுகுமாரன். 2025இல் அவர் காலமானபோது மதுரை வட்டாரப் பேச்சை நன்றாக அறிந்த ஒரு காதை இழந்தோம்.

கறுப்பு யாரையும் மிரட்டுவதில்லை என்பதைக் கவனித்திருக்கிறீர்களா? அம்மாவிடம் எரிந்து விழுகிறான். ஐரீன் முன்னால் வழிகிறான். கூட்டாளிகளிடம் அளக்கிறான். பேட்டைக்காரனிடம் குழைகிறான். ஒரே நாளில் நாலு ஆளிடம் நாலு விதமாகப் பேசும் ஒரு தெருப் பையனை அச்சு அசலாகக் கொண்டுவந்தார் தனுஷ். கழுத்தை அறுக்கச் சொன்ன சேவலைக் காப்பாற்றி, அதையே களத்தில் இறக்கி ஜெயித்த பிறகு, குருவின் பார்வை மாறுகிறது. அப்போது கறுப்பின் குரல் தாழ்ந்துபோகிறது. தான் என்ன தப்பு செய்தோம் என்று புரியாத ஆளின் குரல் அது. விருதுக் குழு எந்தக் காட்சிக்காகக் கொடுத்ததோ தெரியாது, மதுரைக்காரர்கள் அந்தக் குரலுக்குத்தான் கொடுத்திருப்பார்கள்.

இது ஒரு படத்தோடு முடிந்த வித்தை அல்ல. 'புதுப்பேட்டை'யில் கொக்கி குமாரும் 'வடசென்னை'யில் அன்புவும் பேசுவது சென்னைத் தமிழ். ஆனால் ஒருவன் பேச்சு மற்றவனுக்கு ஒட்டாது. பூமணியின் 'வெக்கை' நாவலிலிருந்து பிறந்த 'அசுர'னில் கரிசல் காட்டுச் சிவசாமியாக வந்தபோது தனுஷுக்கு வயது 36. வளர்ந்த பிள்ளைகளின் அப்பனாக, குடித்துத் தடுமாறி, சபை நடுவே கைகூப்பி நிற்கும் ஆளாக அவர் பேசிய பேச்சில் வயதும் இருந்தது, வட்டாரமும் இருந்தது, சாதி கொடுத்த அடியும் இருந்தது. 'கர்ண'னில் அதே தென்கோடிப் பேச்சு கோபமாகத் திரும்பியது. 'மரியா'னில் குமரிக் கடற்கரைப் பேச்சு. அந்தப் படத்துக்காக ஆப்பிரிக்காவின் நமீபியா வரை போனார்கள். ஆனால் அங்கே பாலைவனத்தில் சிக்கிக்கொண்டு தவித்தவனும் தமிழ் பேசும் மீனவன்தான்.

வடக்கே கிடைத்த வரவேற்பு

2011 நவம்பரில் 'ஒய் திஸ் கொலவெறி டி' யூடியூபில் வந்தது. ஆங்கிலம் சரியாக வராத தமிழ்ப் பையன் ஆங்கிலத்திலேயே பாடினால் எப்படி இருக்கும் என்ற விளையாட்டுதான் அந்தப் பாட்டு. இந்தியா முழுக்க அது எந்த அளவுக்குப் பரவியது என்றால், அந்த டிசம்பரில் ஜப்பான் பிரதமர் யோஷிஹிகோ நோடா டெல்லிக்கு வந்தபோது, பிரதமர் மன்மோகன் சிங் கொடுத்த விருந்துக்குத் தனுஷுக்கும் அழைப்புப் போனது. ஒரு மாதப் பாட்டு ஒரு நடிகரை அங்கே கொண்டுபோய் நிறுத்தியது.

2013இல் ஆனந்த் எல்.ராய் இயக்கிய 'ராஞ்சனா'. காசியில் வாழும் தமிழ்ப் புரோகிதர் வீட்டுப் பிள்ளை குந்தன். தனுஷின் இந்தி ஏன் இப்படி இருக்கிறது என்ற கேள்விக்குக் கதையே பதில் வைத்திருந்தது. அதனால் அவர் தயக்கமில்லாமல் சொந்தக் குரலில் பேசினார், பிலிம்ஃபேர் அறிமுக நடிகர் விருதும் வாங்கினார். 2015இல் பால்கியின் 'ஷமிதாப்'. வாய் பேச முடியாத ஒருவன் இன்னொருவர் குரலை வாங்கிக்கொண்டு பெரிய நட்சத்திரமாகிறான் என்பது கதை. குரல் அமிதாப் பச்சனுடையது, உடம்பு தனுஷுடையது. நல்ல கற்பனைதான். ஆனாலும் தமிழில் பேச்சாலேயே பேர் வாங்கிய நடிகருக்கு மும்பை கொடுத்த இரண்டாவது வேடமே ஊமை வேடம் என்பதை இங்கே குறித்து வைத்துக்கொள்ளலாம். அடுத்து 2021இல் 'அத்ரங்கி ரே', மறுபடியும் ராய். டெல்லியில் படிக்கும் தமிழ் மருத்துவ மாணவர் வேடம். 2025 நவம்பரில் அதே இயக்குநருடன் மூன்றாவது படமாக 'தேரே இஷ்க் மே' வந்தது. வடக்கில் அவருக்குப் பொருந்தி வந்தவர் ராய் ஒருவர்தான். காரணம் எளிது. தனுஷின் தமிழ் வாடையை அழிக்காமல் அதற்கு ஒரு காரணம் கண்டுபிடித்தவர் அவர்.

'ராஞ்சனா'வின் தமிழ் வடிவம் 'அம்பிகாபதி'. 2025 ஆகஸ்டில் அதைச் செயற்கை நுண்ணறிவு கொண்டு முடிவை மாற்றி, செத்த நாயகனைப் பிழைக்க வைத்து மறுபடி வெளியிட்டார்கள். படத்தின் உயிரே போய்விட்டது என்று தனுஷ் வெளிப்படையாக எதிர்ப்புத் தெரிவித்தார். நடிகரின் முகமும் குரலும் யாருக்குச் சொந்தம் என்ற வழக்கு இனி இன்னும் பெரிதாகும்.

கடல் தாண்டி

வெளிநாட்டுக் கணக்கு மூன்று படங்கள். முதலாவது கனடா இயக்குநர் கென் ஸ்காட் எடுத்த 'தி எக்ஸ்ட்ரார்டினரி ஜர்னி ஆஃப் தி ஃபகிர்'. ரொமான் பியூர்த்தோலாவின் பிரெஞ்சு நாவலிலிருந்து எடுத்த படம், 2018 மே மாதம் பிரான்ஸில் வெளியானது. மும்பையின் தெரு வித்தைக்காரன் அஜாதசத்ரு பாரிஸுக்குப் போய், மரச்சாமான் கடையின் அலமாரிக்குள் சிக்கி, அகதிகளோடு நாடு நாடாக அலைகிறான். 'தி ஆர்ட்டிஸ்ட்' புகழ் பெரெனிஸ் பெஜோவும், 'கேப்டன் பிலிப்ஸ்' புகழ் பர்காத் அப்தியும் உடன் நடித்தார்கள். தமிழில் 2019 ஜூனில் 'பக்கிரி'யாக வந்தது. ஒரு தமிழ் நடிகர் ஐரோப்பியத் தயாரிப்பின் முழுநீள நாயகன் ஆனது சின்ன விஷயமல்ல. ஆனால் அந்த வேடம் மேற்கத்திய ரசிகர்களுக்குப் பழகிப்போன இந்தியன்தான். வெள்ளந்தி, வித்தைக்காரன், நன்றாக ஆடுவான்.

இரண்டாவது தமிழ்ப் படமே, ஆனால் லண்டனில் நடப்பது. மதுரைக்காரர் கார்த்திக் சுப்பராஜ் எடுத்த 'ஜகமே தந்திரம்'. மதுரையில் பரோட்டாக் கடையும் ரவுடித்தனமுமாக இருக்கும் சுருளியை லண்டன் தாதா ஒருவர் கூலிக்கு அழைத்துப்போகிறார். தாதாவாக வந்தவர் 'கேம் ஆஃப் த்ரோன்ஸ்' ஜேம்ஸ் காஸ்மோ. கொரோனா காலமானதால் 2021 ஜூன் 18 அன்று நேராக நெட்ஃபிளிக்ஸுக்குப் போய், 190 நாடுகளில் ஒரே நாளில் கிடைத்தது. மதுரைக்காரன் கதையை மதுரைத் தியேட்டரில் பார்க்க முடியாமல் போனதுதான் அந்த நாளின் வினோதம். படத்தில் குறைகள் உண்டு. ஈழத்து அகதிகள் பற்றிப் பேச வந்த பாதியில் திரைக்கதை தடுமாறும். ஆனால் லண்டன் தெருவில் வேட்டி கட்டி நடக்கும் சுருளி மதுரைத் தமிழை விட்டுக்கொடுக்கவே இல்லை. மூன்று படங்களில் தனுஷ் தனுஷாக இருந்தது இதில்தான்.

மூன்றாவது 'தி கிரே மேன்', 2022 ஜூலை. 'அவெஞ்சர்ஸ்: எண்ட்கேம்' எடுத்த ருஸோ சகோதரர்கள் இயக்கம், சுமார் 20 கோடி டாலர் செலவு, ரயன் காஸ்லிங்கும் கிறிஸ் எவன்ஸும் நாயகனும் வில்லனும். தனுஷுக்குக் கூலிக் கொலையாளி அவிக் சான் வேடம். வருகிறார், மின்னலாக அடிக்கிறார், தன்னை ஏவியவர்களிடம் மானம் இல்லை என்று கண்டதும் விலகிப் போகிறார். மும்பைச் சிறப்புக் காட்சிக்கு ருஸோ சகோதரர்கள் நேரில் வந்தபோது வேட்டி சட்டையில் போய் நின்றார். சண்டையில் குறை சொல்ல ஒன்றுமில்லை. ஆனால் அவிக் சான் எந்த ஊர்க்காரன், யார் பெற்ற பிள்ளை, கோபம் வந்தால் எந்த மொழியில் திட்டுவான் என்று அந்தப் படத்துக்கு அக்கறை இல்லை.

முன்னே போனவர்கள்

தமிழ் நடிகர் கடல் தாண்டுவது புதிதல்ல. 1960இல் கெய்ரோவில் நடந்த ஆசிய ஆப்பிரிக்கப் பட விழாவில் 'வீரபாண்டிய கட்டபொம்மன்' படத்துக்காகச் சிவாஜி கணேசன் சிறந்த நடிகரானார். மதுரை தங்கம் தியேட்டரில் 'பராசக்தி' ஓடி எட்டாண்டுகள்கூட ஆகியிருக்கவில்லை. கட்டபொம்மனின் வசனத்தில் ஒரு சொல்கூடப் புரியாதவர்கள் முன்னால் ஓடிய படம் அது. ஆனால் குரல் புரிந்திருக்கிறது. எம்.ஜி.ஆர். 1970இல் ஜப்பான் ஒசாகா நகரின் உலகக் கண்காட்சியிலேயே 'உலகம் சுற்றும் வாலிப'னைப் படமாக்கினார். 1973இல் அது வெளிவந்தால் சேலை கட்டிக்கொள்வதாக தி.மு.க.வின் மதுரை முத்து சவால் விட்ட கதையை ஊரில் இன்றும் சொல்லிச் சிரிப்பார்கள். ரஜினிகாந்தின் 'முத்து' 1998இல் டோக்கியோவில் மாதக்கணக்கில் ஓடியது. அதில் நாயகி மீனா, கஸ்தூரிராஜா படத்தில் நம் ஊர்களுக்கு அறிமுகமான அதே மீனா.

இந்த மூவரும் வெளிநாட்டுக்கு ஏற்ப வேடம் மாற்றிக்கொள்ளவில்லை. தமிழ்ப் படமாகவே போனார்கள். அந்த வகையில் தனுஷின் பாதை கடினமானது. இன்னொருவர் வீட்டில் போய், இன்னொருவர் மொழியில் நடித்து இடம் பிடிக்கப் பார்த்தார்.

ஜப்பான்காரர் கற்ற பாடம்

அந்தக் கடினமான பாதையில் நெடுந்தூரம் நடந்தவர்கள் ஜப்பானியர்கள். அகிரா குரோசாவாவின் நாயகன் தோஷிரோ மிஃபூனே 1961இலும் 1965இலும் வெனிஸ் விழாவில் சிறந்த நடிகர். அவர் ஜப்பானிய மொழியில் நடித்த 'யோஜிம்போ'வைப் பார்த்து இத்தாலியில் கௌபாய் படம் எடுத்தார்கள். அதே மிஃபூனே 1966இல் ஹாலிவுட்டின் 'கிராண்ட் பிரீ' படத்துக்குப் போனபோது, அவருடைய ஆங்கிலம் சரிப்படாது என்று பால் ஃப்ரீஸ் என்பவரைக் கொண்டு குரல் சேர்த்தார்கள். உலகமே வியந்த நடிகரின் வாயை மட்டும் மாற்றிவிட்டார்கள்.

ஹிரோயுகி சனாடா இன்னும் நெருக்கமான உதாரணம். 2003இல் 'தி லாஸ்ட் சாமுராய்' படத்துக்குப் பின் லாஸ் ஏஞ்சல்ஸுக்குக் குடிபோய், இருபது ஆண்டு துணை வேடங்களில் வாள் வீசினார். 'எண்ட்கேம்' படத்தில் டோக்கியோ மழையில் ஒரே ஒரு சண்டை, பிறகு சாவு. அந்த வேடத்தைக் கொடுத்தவர்களும் ருஸோ சகோதரர்கள்தான். ஆனால் சனாடா அதோடு நிற்கவில்லை. 2024இல் வந்த 'ஷோகுன்' தொடரில் நடிகராக மட்டும் இல்லாமல் தயாரிப்பாளராகவும் உட்கார்ந்தார். வசனத்தில் பெரும்பகுதி ஜப்பானிய மொழியில் இருந்தது. உடை, தலைமுடி, நடை, பழைய பேச்சு எல்லாவற்றுக்கும் ஜப்பானிலிருந்தே கைதேர்ந்தவர்களை வரவழைத்தார்கள். அந்தத் தொடர் ஒரே பருவத்தில் 18 எம்மி விருதுகளை வென்றது. 63 வயதில் சனாடா சிறந்த நாயகன் விருதை வாங்கினார். இருபது ஆண்டு வாள் வீசிக் கிடைக்காதது, தாய்மொழியில் பேசியபோது கிடைத்தது. அதற்கு அவர் முதலில் முதலாளி பக்கத்து நாற்காலியைப் பிடிக்க வேண்டியிருந்தது.

தனுஷிடம் இருக்கும் நாற்காலி

அந்த நாற்காலி தனுஷிடம் ஏற்கெனவே இருக்கிறது. அவருடைய வுண்டர்பார் நிறுவனம் தயாரிப்பில் பங்கெடுத்த 'காக்கா முட்டை' 2014இல் டொரண்டோ விழாவுக்குப் போனது, தேசிய விருதும் பெற்றது. 'விசாரணை' 2015இல் வெனிஸ் விழாவில் போட்டியிட்டது, அடுத்த ஆண்டு இந்தியாவின் சார்பில் ஆஸ்கருக்கு அனுப்பப்பட்டது. இரண்டிலும் அவர் நடிக்கவில்லை. 'கிரே மேன்' போகாத வாசல்களுக்கு, சென்னைக் குப்பத்துப் பையன்களும் ஆந்திராவில் அடி வாங்கிய தமிழ்க் கூலிகளும் போனார்கள். பெரும்பகுதி தமிழிலேயே பேசிய 'தீபன்' 2015இல் கான் விழாவின் தங்கப் பனை விருதைப் பெற்றது. எடுத்தவர் பிரெஞ்சுக்காரர் ஜாக் ஓடியார், நாயகன் ஈழத்து எழுத்தாளர் ஷோபாசக்தி. தமிழ் பேசினால் உலகம் கேட்காது என்று இதன்பிறகும் யாராவது சொன்னால் நம்ப வேண்டியதில்லை.

இயக்குநராகவும் அவர் ஊர்ப்பக்கம்தான் திரும்புகிறார். அப்பா 1991இல் இயக்கிய ராஜ்கிரணை 2017இல் 'ப.பாண்டி'யில் தானே இயக்கினார். 2025 அக்டோபர் 1 அன்று வந்த 'இட்லி கடை'யில் பாங்காக் ஓட்டல் வேலையை விட்டு, அப்பாவின் இட்லிக் கடைக்குத் திரும்புகிறான் முருகன். அப்பாவாக மீண்டும் ராஜ்கிரண். படம் கொஞ்சம் உபதேசம் செய்கிறது. பிழைக்கப் போனவர்கள் எல்லோராலும் திரும்பிவிட முடியாது என்ற உண்மையை எளிதாகத் தாண்டிப் போகிறது. ஆனால் இயக்குநரின் மனம் எந்தப் பக்கம் சாய்கிறது என்பதில் சந்தேகம் இல்லை.

அறிவிக்கப்பட்ட இரண்டு படங்கள் கவனத்துக்குரியவை. ஒன்று, அருண் மாதேஸ்வரன் இயக்கத்தில் பண்ணைப்புரத்து இளையராஜாவின் வாழ்க்கை. மற்றொன்று, ஓம் ராவத் இயக்கத்தில் ராமேஸ்வரத்து அப்துல் கலாமின் வாழ்க்கை. இது 2025 மே மாதம் கான் விழாவில் அறிவிக்கப்பட்டது. இருவரும் நம் பக்கத்துக்காரர்கள். இருவரும் எவ்வளவு உயரம் போனாலும் ஊர்ப் பேச்சை விடாதவர்கள். இரண்டு குரலும் தமிழர் காதில் பதிந்தவை என்பதால் தப்பு செய்தால் முதல் காட்சியிலேயே தெரிந்துவிடும். கலாமை இந்தியில் மட்டும் பேசவிட்டால் பாதிக் கலாம்தான் கிடைப்பார். சனாடா செய்ததைத் தனுஷ் செய்ய வேண்டிய இடம் இதுதான். வேடத்தை ஒப்புக்கொள்வதோடு நிற்காமல், அந்த மனிதர் எந்த மொழியில் பேசுவார் என்பதையும் அவர்தான் பேரம் பேசி வாங்க வேண்டும்.

ரசிகர்களுக்கும் ஒரு வார்த்தை. அடுத்த ஹாலிவுட் படம் எப்போது என்று கேட்பதை விட்டுவிடலாம். அங்கே அவர் நன்றாக அடிப்பார் என்பது நிரூபணம் ஆகிவிட்டது. கறுப்பும் சிவசாமியும் பேசிய தமிழிலேயே, உலகம் முழுக்கப் போகிற தரத்தில், அடுத்த படம் எப்போது என்று கேளுங்கள்.